ராணியின் ஓவியர் மட்டும்தானா எலிசபெத் விஜே லெ ப்ரன்?

கேள்வி இதுதான்: பிரெஞ்சு ராணி மரி அந்துவானெத்தை வரைந்த எலிசபெத் விஜே லெ ப்ரன் உண்மையில் திறமைசாலியா, அல்லது அரண்மனைத் தயவில் பெயர் வாங்கியவரா? ராணியின் தலை வெட்டப்பட்ட பிறகு அவர் கதி என்ன ஆயிற்று?

இரண்டாவது கேள்வியிலிருந்தே தொடங்குகிறேன். முதல் கேள்விக்கான விடையும் அதற்குள்தான் கிடக்கிறது. அவர் பிறந்தது 1755இல், இறந்தது 1842இல். பதினைந்து வயது வாக்கிலேயே உருவப்படம் வரைந்து வீட்டுச் செலவுக்குச் சம்பாதித்தார். ராணியை முதன்முதலில் வரைந்தது 1778இல், பாரிஸை விட்டு ஓடியது பிரெஞ்சுப் புரட்சி வெடித்த 1789இல். ஆக, அரண்மனைத் தொடர்பு மொத்தம் பதினோரு ஆண்டுகள். அதன்பின் பன்னிரண்டு ஆண்டுகள் ரோம், நேப்பிள்ஸ், வியன்னா, பீட்டர்ஸ்பர்க் என்று அலைந்தார். சொத்தும் இல்லை, கணவனும் உடன் இல்லை. போன ஊரிலெல்லாம் படம் வரையச் சொல்லி ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள். வெறும் தயவில் வாழ்ந்தவருக்கு இது நடக்காது.

அப்பா லூயி விஜே பாஸ்டல் குச்சிகளில் உருவப்படம் வரைபவர். பெரிய பெயர் இல்லை, ஆனால் மகளை வண்ணங்களுக்கு நடுவே வளரவிட்டார். மகளுக்குப் பன்னிரண்டு வயதானபோது மீன்முள்ளை விழுங்கி, அதனால் வந்த நோயில் இறந்துபோனார். அம்மா ஒரு நகை வியாபாரியை மறுமணம் செய்துகொண்டார். அந்த மாற்றாந்தந்தை சிறுமியின் சம்பாத்தியத்தை வாங்கி வைத்துக்கொண்டார். இறந்தவரின் உடைகளை, தன் அளவுக்குத் தைத்துக்கொள்ளக்கூட இல்லாமல், அப்படியே எடுத்து உடுத்திக்கொண்டு திரிந்தார். எழுபது வயதுக்கு மேல் நினைவுக் குறிப்புகளை எழுதும்போதும் அந்த உடை விஷயத்தை எலிசபெத்தால் மன்னிக்க முடியவில்லை.

முறையான கலைப்பள்ளிக் கல்வி பெண்களுக்குக் கிடையாது. தனியார் சேகரிப்புகளில் இருந்த ரூபன்ஸ், ரெம்பிராண்ட், வான் டைக் படங்களைப் பார்த்து நகலெடுத்துத்தான் கற்றுக்கொண்டார். உரிமம் இல்லாமல் தொழில் செய்கிறார் என்று 1774இல் அதிகாரிகள் அவரது பட்டறையைப் பூட்டி முத்திரை வைத்தார்கள். அதே ஆண்டில் செயின்ட் லூக் ஓவியர் சங்கத்தில் சேர்ந்து அந்தச் சிக்கலைத் தீர்த்துக்கொண்டார். பெண் வரைகிறாள், பார்க்கவும் அழகாக இருக்கிறாள் என்றதும் படம் வரைந்துகொள்ளும் சாக்கில் இளைஞர்கள் சிலர் வந்து உட்காரத் தொடங்கினார்கள். அவர்களை எல்லாம் பார்வை வேறு பக்கம் போகும்படி உட்காரவைத்தே வரைந்தார். விழி மெல்லத் தன் பக்கம் திரும்பினால், “இப்போது கண்களைத்தான் வரைந்துகொண்டிருக்கிறேன், அசையாதீர்கள்” என்பார். பக்கத்தில் அம்மா காவலுக்கு உட்கார்ந்திருப்பார். உட்காருபவரைத் தன் பிடிக்குள் வைத்திருக்கும் கலை அவருக்கு அப்போதே கைவந்துவிட்டது.

1776இல் ழான் பாப்திஸ்த் பியேர் லெ ப்ரன் என்ற ஓவிய வணிகரை மணந்தார். சூதாட்டம், பெண்கள், செலவு என்று அவரைப் பற்றி நினைவுக் குறிப்புகளில் புலம்பல் நிறைய. அது பொய்யில்லை. மனைவியின் வருமானம் சட்டப்படியே கணவனுக்குச் சேரும் காலம் அது. பத்து லட்சம் பிராங்குக்கு மேல் சம்பாதித்தும், பிரான்ஸை விட்டுக் கிளம்பும்போது தனக்கென்று இருபது பிராங்கு வருமானம்கூட இல்லை என்று எழுதுகிறார். ஆனாலும் அந்தக் கணவரை வெறும் வில்லனாக்குவதில் எனக்கு உடன்பாடில்லை. ஐரோப்பாவின் தலைசிறந்த படங்கள் அவர் கடை வழியாகப் போய்வந்தன. மனைவி அவற்றின் முன் உட்கார்ந்து படித்தது அங்கேதான். 1781இல் ஃபிளாண்டர்ஸ் பயணத்துக்கு அழைத்துப் போனதும் அவர்தான். புரட்சிக்காரர்கள் தலைகளை வெட்டிக் குவித்த பயங்கர ஆட்சியின் நடுவில், தலை தப்புமா என்று தெரியாத 1794இல், மனைவி குற்றமற்றவர் என்று வாதாடி ஒரு சிறு வெளியீடு அச்சிட்டதும் அவரே. அதே ஆண்டு சொத்தைக் காப்பாற்றிக்கொள்ள மனைவியை விவாகரத்தும் செய்தார். மனிதன் அப்படித்தான், இரண்டும் சேர்ந்தவர்.

அந்த ஃபிளாண்டர்ஸ் பயணத்தில் ஆண்ட்வெர்ப் நகரில் ரூபன்ஸின் ஒரு படத்தைப் பார்த்தார். அகன்ற விளிம்புத் தொப்பி அணிந்த பெண். முகத்தில் தொப்பியின் நிழல். நிழலுக்குள்ளும் முகம் ஒளிர்கிறது. சாதாரணப் பகல் வெளிச்சம் ஒன்று, நேரடி வெயில் ஒன்று, இரண்டும் ஒரே முகத்தில். இதைப் பார்த்துத் திகைத்துப்போனவர் உடனே அதே உத்தியில் தன்னையே வரைந்துகொண்டார். அந்தப் படத்தை அவரே மறுபடி வரைந்த பிரதி லண்டன் தேசியக் காட்சியகத்தில் இருக்கிறது. ரூபன்ஸின் மூலப்படமும் இன்று அதே காட்சியகத்தில்தான் இருக்கிறது. லெ ப்ரன் தன்னை வரைந்த படத்தில் வைக்கோல் தொப்பியில் இறகும் காட்டுப் பூக்களும், ரோஜா நிற உடை, கையில் வண்ணத்தட்டு, பின்னால் வெறும் வானம். நெற்றியும் கண்ணும் நிழலில் இருக்க, மார்பில் வெயில் அடிக்கிறது. நிழல் விழுந்த இடத்தைக் கருப்பைக் கலந்து மங்கவைக்காமல், ஒளி ஊடுருவும் மெல்லிய பூச்சுகளை ஒன்றன்மேல் ஒன்றாக ஏற்றி, அடியிலிருந்து தோல் சிவப்பு தெரியும்படி செய்திருக்கிறார். அவரது முக்கால்வாசிச் செல்வாக்கு இந்த ஒரு கைப்பழக்கத்திலிருந்து வந்தது என்பேன். அவர் கையில் தோல் உயிரோடிருந்தது. இதைப் பார்த்த சீமாட்டிகள் எல்லோரும் அந்தத் தோல் தனக்கும் வேண்டும் என்று நினைத்தார்கள்.

ராணிக்கும் அதுதான் பிடித்திருந்தது. மற்ற ஓவியர்கள் ராணியின் சாயலைப் பிடிக்கத் திணறினார்கள். தாய் மரியா தெரேசாவுக்கு வியன்னாவுக்கு அனுப்ப நல்ல படமே அமையவில்லை. 1778இல் இவர் வரைந்தது போய்ச் சேர்ந்தது, அதோடு கதவு திறந்தது. 1783 மே 31 அன்று அரச கலை அகாடமியில் இடமும் கிடைத்தது. அகாடமியில் பெண்களுக்கு நான்கு இடங்கள்தான். கணவர் படங்களை வாங்கி விற்பவர் என்று ஆட்சேபம் வேறு. அரசர் உத்தரவால்தான் உள்ளே போக முடிந்தது. இந்த இடத்தில் ‘தயவு’ என்ற குற்றச்சாட்டு சரி. ஆனால் அதே நாளில் அதெலாயித் லபிய் கியார் என்ற இன்னொரு பெண் ஓவியர் வாக்கெடுப்பில் முறைப்படி தேர்வானார் என்பதையும் சேர்த்துச் சொல்லவேண்டும். பத்திரிகைகள் இருவரையும் எதிரிகளாக்கி வேடிக்கை பார்த்தன. வயதான இளவரசிகளின் முகத்தைக் கனிவோடு, ஆனால் உள்ளது உள்ளபடி வரைவதில் லபிய் கியார்தான் ஒருபடி மேல் என்பது என் கட்சி.

ராணியின் தயவு அவருக்கு நன்மை செய்த அளவுக்குக் கெடுதலும் செய்தது. அகாடமி ஓவியர்களின் படங்களை ஊர் பார்க்க வைக்கும் சலோன் கண்காட்சியில் 1783இல் வைத்த படத்தில் ராணி வெள்ளை மஸ்லின் உடையும் வைக்கோல் தொப்பியும் அணிந்து ரோஜாவோடு நிற்கிறார். ராணியை உள்ளாடையோடு வரைந்து வைத்திருக்கிறார்கள் என்று ஊரே கொதித்தது. படத்தை இறக்கிவிட்டு, அதே ரோஜாவோடு ராணி நீலச்சாம்பல் பட்டு உடுத்தி நிற்கும் இன்னொன்றை வரைந்தார். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள், முதலாவதில் ஒரு பெண் இருக்கிறாள், இரண்டாவதில் பதவி இருக்கிறது. 1787இல் ராணியைக் குழந்தைகளோடு வரைந்த பெரிய படம் அரண்மனையின் அவப்பெயரைத் துடைப்பதற்கென்றே பணிக்கப்பட்டது. மகன் வெற்றுத் தொட்டிலைச் சுட்டிக்காட்டுகிறான். அந்த ஆண்டு கைக்குழந்தை சோஃபி இறந்துவிட்டாள். கண்காட்சி திறந்தபோது படம் இன்னும் வந்து சேரவில்லை. வெறும் சட்டகத்தைக் காட்டி, கஜானாவைக் காலி செய்த ராணி இதோ என்று கேலி பேசினார்கள். 1789இல் பட்டத்து இளவரசனும் இறந்தபின் அந்தப் படத்தைக் கடக்கும்போதெல்லாம் அழுகை வருகிறது என்று ராணி அதை எடுத்து வைக்கச் சொன்னார். கூட்டம் வெர்சாய் அரண்மனைக்குள் புகுந்தபோது அது சுவரில் இல்லாமல் போனது அப்படித்தான்.

அவதூறுக்கும் குறைவில்லை. நிதியமைச்சர் கலோனை வரைந்ததற்கு, பண நோட்டுகளில் மிட்டாய் சுற்றிக் கொடுத்தார் என்று ஒரு கதை கிளம்பியது. படம் முழங்காலோடு நின்றுவிட்டதைப் பார்த்த பாடகி சோஃபி அர்னூ, “ஆள் ஓடிவிடாமல் இருக்கக் காலை வெட்டிவிட்டாள்” என்றாராம். (இந்த நகைச்சுவையை லெ ப்ரனே ரசித்துப் பதிவு செய்திருக்கிறார்.) நண்பர்களுக்கு ஒருநாள் பழைய கிரேக்க பாணியில் கொடுத்த விருந்துக்கு ஆன செலவு பதினைந்து பிராங்கு. அது வெர்சாயில் இருபதாயிரமாகி, ரோமில் நாற்பதாயிரமாகி, பீட்டர்ஸ்பர்க் போவதற்குள் எண்பதாயிரமாக வளர்ந்துவிட்டது. மகளை அணைத்தபடி தன்னை வரைந்த படத்தில் உதடு லேசாகப் பிரிந்து பல் தெரிகிறது. பழங்காலச் சிற்பிகள்கூடச் செய்யாத அநாகரிகம் என்று அதற்கும் கண்டனம்.

இந்தக் கூச்சல்களுக்கு நடுவில் நடந்த ஒன்று நமக்கு மிக நெருக்கமானது. ஆங்கிலேயருக்கு எதிராகப் பிரான்ஸின் உதவி கேட்டுத் திப்பு சுல்தான் அனுப்பிய மூன்று தூதர்கள் புதுச்சேரியில் கப்பலேறி 1788 கோடையில் பாரிஸ் வந்து சேர்ந்தார்கள். ஆப்பெரா அரங்கில் அவர்களைக் கண்ட லெ ப்ரன் வரைந்தே ஆகவேண்டும் என்று ஆசைப்பட்டார். மன்னர் கேட்டாலொழிய உட்காரமாட்டோம் என்றார்கள். மன்னரிடம் சொல்லிக் கேட்கவைத்தார். பெரிய கித்தான்களைத் தூக்கிக்கொண்டு அவர்கள் தங்கியிருந்த இடத்துக்கே போனபோது, கையில் பன்னீர் தெளித்து வரவேற்றார்கள். உயரமானவர் தர்வேஷ் கான் முதலில் நின்றார். தங்கப் பூக்கள் இறைத்த வெள்ளை மஸ்லின் அங்கி, ஒரு கை வாளில். கைகள், துணி மடிப்புகள் எல்லாவற்றுக்கும் பொறுமையாக அவரே நின்று கொடுத்தார். பிறகு வயதான தூதரை மகனோடு உட்காரவைத்து வரைந்தார்.

ஒருநாள் தோழியோடு விருந்துக்கு அழைக்கப்பட்டார். போனால் சாப்பாடு தரையில். சாய்ந்து உட்கார்ந்துகொண்டார்கள். காரசாரமான ஆட்டுக்கால் கறியைத் தூதர்கள் தம் கையாலேயே எடுத்துப் பரிமாறினார்கள். விருந்தோம்பல் என்று நமக்குப் புரிகிறது. பாரிஸ் சீமாட்டிகளுக்குத் தூக்கிவாரிப்போட்டது. படங்கள் காய்ந்ததும் எடுத்துவர ஆள் அனுப்பினால் தர்வேஷ் கான் தரவில்லை. இதற்கு இன்னும் ஓர் உயிர் வேண்டும் என்று சொல்லிக் கட்டிலுக்குப் பின்னால் ஒளித்து வைத்துவிட்டார். லெ ப்ரன் தந்திரமாகத்தான் மீட்டார். படத்தைக் காணாமல் தூதர் தன் பணியாளைக் கொல்லப் பார்த்தாராம். பாரிஸில் வேலைக்காரர்களைக் கொல்லும் வழக்கமில்லை என்று மொழிபெயர்ப்பாளர் எவ்வளவோ சொல்லியும் கேட்காததால், மன்னரே படத்தைக் கேட்டு வாங்கிக்கொண்டார் என்று சமாளித்தார். இது முழுக்க ஓவியரின் வாய்மொழி. கீழைநாட்டுக்காரர் என்றாலே பாரிஸ் எதிர்பார்த்த மசாலாவும் அதில் தூவப்பட்டிருக்கும். படத்தில் அந்த மசாலா கொஞ்சமும் இல்லை. ஆள் உயரக் கித்தானில் தாழ்ந்த அடிவானத்துக்கு மேல் தர்வேஷ் கான் ஒரு மன்னனுக்குரிய கம்பீரத்தோடு நிற்கிறார். 2019 ஜனவரியில் நியூயார்க்கில் அது சுமார் 72 லட்சம் டாலருக்கு ஏலம் போனது. நவீன காலத்துக்கு முந்தைய பெண் ஓவியர் ஒருவரின் படத்துக்கு அதுவரை கிடைத்திராத விலை.

1789 அக்டோபர் 6 அன்று கூட்டம் அரச குடும்பத்தை வெர்சாயிலிருந்து பாரிஸுக்கு இழுத்து வந்தது. அன்று நள்ளிரவில் ஒன்பது வயது மகள் ஜூலியோடும் அவளுடைய ஆசிரியையோடும் பொதுப் பயணக் கோச்சில் ஏறினார். ஏழைப் பெண்ணைப் போல உடை, கண்ணை மறைக்கும் பெரிய தலைத்துண்டு. கணவரும் தம்பியும் ஓவியர் உபேர் ரொபேரும் நகர எல்லைவரை வண்டியோடு வந்து வழியனுப்பினார்கள். கொஞ்ச நாளில் திரும்பிவிடலாம் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள்.

இத்தாலியில் வேலை குவிந்தது. ஃபிளாரன்ஸின் உஃபிசி காட்சியகம் தன் ஓவியர் தன்னுருவப்படத் தொகுப்புக்குப் படம் கேட்டது. கையில் தூரிகையோடு, கித்தானில் மரி அந்துவானெத்தின் முகத்தை வரைந்துகொண்டிருப்பதாகத் தன்னை வரைந்து கொடுத்தார். 1790இல் அதற்குத் துணிச்சல் வேண்டும். நேப்பிள்ஸில் ராணியின் அக்கா மரியா கரோலினாவையும், பின்னால் லேடி ஹாமில்டன் ஆன எம்மாவையும் வரைந்தார். வியன்னாவில் இருக்கும்போதுதான் பாரிஸ் செய்திகள் ஒவ்வொன்றாக வந்தன. தெரிந்தவர்கள் ஒன்பது பேரின் பெயரை ஒரே நாளில் கில்லட்டின் பட்டியலில் கண்டபின் பத்திரிகை படிப்பதையே விட்டுவிட்டார்.

1795இல் ரஷ்யா. ஆறு ஆண்டுகள் அங்கே தங்கினார், நல்ல வருமானம். ஒரு சறுக்கலும் உண்டு. பேரரசி கேத்தரினின் பேத்திகள் இருவரைக் கை தெரியும் கிரேக்க உடையில் வரைந்தார். பேரரசிக்குப் பிடிக்கவில்லை என்று காதில் விழுந்ததும் நீளக் கை வைத்த உடையாக மாற்றினார். பேரரசி ஒன்றும் சொல்லவில்லை, இடையில் இருந்தவர்தான் மூட்டிவிட்டார் என்று நினைவுக் குறிப்புகள் சொல்கின்றன. ஆனால் கேத்தரின் தன் நண்பர் கிரிமுக்கு எழுதிய கடிதத்தில் அந்தப் படத்தைக் கிழித்துத் தொங்கவிட்டிருக்கிறார். வெயிலில் குந்தியிருக்கும் இரண்டு நாய்க்குட்டிகள் போல இருக்கிறதாம். லெ ப்ரனின் நினைவுக் குறிப்புகளைப் படிப்பவர்கள் இந்த ஓர் இடத்தை மனதில் வைத்துக்கொள்வது நல்லது. அதிலும் அவர் தன்னை நல்ல வெளிச்சத்தில்தான் உட்காரவைத்திருக்கிறார்.

ரஷ்யாவில்தான் மகள் தாய்க்குப் பிடிக்காத ஒருவரை மணந்துகொண்டு விலகிப்போனாள். அந்த விரிசல் முழுதாக ஆறவே இல்லை. புரட்சியின்போது நாட்டை விட்டுப் போனவர்களின் பட்டியலிலிருந்து லெ ப்ரனின் பெயரை நீக்கக் கோரி 255 கலைஞர்கள் கையெழுத்திட்ட மனு பலித்து, 1802 ஜனவரியில் பாரிஸ் திரும்பினார். பழைய பாரிஸ் அங்கே இல்லை. லண்டனில் இரண்டு ஆண்டுகள் இருந்துவிட்டு வந்தார். நெப்போலியனின் தங்கை கரோலின் முராவை வரைய ஒப்புக்கொண்டு பட்டபாடு தனி. சொன்ன நேரத்துக்கு வருவதில்லை, வரும்போதெல்லாம் வேறு சிகை, வேறு உடை. உண்மையான இளவரசிகளை வரைந்திருக்கிறேன், அவர்கள் என்னை இப்படிக் காக்கவைத்ததில்லை என்று கரோலின் காதில் விழும்படியே சொன்னார்.

முகத்துதிக்காரர் என்ற குற்றச்சாட்டுக்கு வருகிறேன். அதை அவரே மறுக்கவில்லை. ஓவியராக விரும்பிய மருமகளுக்கு எழுதிக்கொடுத்த குறிப்புகளில் தொழில் இரகசியங்களை அப்படியே திறந்து வைத்திருக்கிறார். உட்காருபவர் வருவதற்கு அரைமணி முன்பே தயாராகிவிடு. நண்பர்களைப் பக்கத்தில் விடாதே, ஆளுக்கொரு யோசனை சொல்லிக் கெடுத்துவிடுவார்கள். உனக்குப் பின்னால் ஒரு கண்ணாடி வை, ஆளும் படமும் ஒருசேரத் தெரியும், தவறு உடனே கண்ணில் படும். பெண்களிடம் அழகாக இருக்கிறீர்கள், நிறம் பொலிவாக இருக்கிறது என்று சொல், மனம் மலர்ந்து முகம் மலரும். இதில் கடைசியை மட்டும் எடுத்துக்கொண்டு ‘முகத்துதி’ என்பது அநியாயம். அது கித்தானில் செய்த பொய்யைவிட, எதிரே இருந்த முகத்தில் உண்மையாகவே ஒரு மாற்றத்தை வரவழைத்துவிட்டு அதை வரைந்த வேலை. ஆனாலும் பத்துப் படங்களை வரிசையாகப் பார்த்தால் பெரிய கண், ஈர உதடு, சற்றே சாய்ந்த தலை என்று எல்லாச் சீமாட்டிகளும் அக்கா தங்கைகளாகிவிடுவதை மறுக்க முடியாது. 1805க்குப் பிறகு கையும் சோர்ந்துவிட்டது.

அந்தச் சலிப்பு அவர் ஆண்களை, குறிப்பாக நண்பர்களை வரைந்த படங்களில் இல்லை. லூவ்ரில் இருக்கும் உபேர் ரொபேரின் படம் 1788இல் வரைந்தது. மஞ்சள் உள்சட்டை, கட்டுத் தளர்ந்த கழுத்துத் துணி, கலைந்த நரைமுடி. வண்ணத்தட்டும் தூரிகைகளும் ஒரு கையில், மறு கை கல் விளிம்பில். பார்வை படத்துக்கு வெளியே எதையோ கண்டுவிட்டு அதிலேயே நிற்கிறது. இங்கே யாரையும் அழகுபடுத்தவேண்டிய கட்டாயம் இல்லை, பணமும் பேசப்படவில்லை. திறமைசாலியா என்ற கேள்விக்கு இந்த ஒரு படம் போதும்.

கணவர் 1813இலும், மகள் 1819இலும், தம்பி அடுத்த ஆண்டும் இறந்தார்கள். லூவ்சியேன் கிராமத்து வீட்டில் வரைந்தும் எழுதியும் கழித்தார். அவர் கொடுத்த கணக்குப்படி உருவப்படங்கள் மட்டும் 662. 1842 மார்ச் 30 அன்று, எண்பத்தாறு வயதில் இறந்து, அந்தக் கிராமத்திலேயே அடக்கம் செய்யப்பட்டார். பிரான்ஸ் அவருக்கு முழு அளவிலான கண்காட்சி ஒன்று நடத்த 2015வரை ஆனது. அடுத்த ஆண்டு அது நியூயார்க்குக்கும் ஒட்டாவாவுக்கும் போனது. பாரிஸ் போக வாய்த்தால் ராணியைத் தேடி வெர்சாய் போவதற்கு முன் லூவ்ரில் ரொபேரைப் பார்த்துவிடுங்கள். பல் தெரியச் சிரிக்கும் தாயும் மகளும் அதே அருங்காட்சியகத்தில்தான் இருக்கிறார்கள்.